கத்தரிப்பவரின் கணக்கு

பொருளியல் மாணவர்களுக்கு நிறுவனக் கோட்பாட்டைப் பயிற்றுவிக்கும் எவரும் ஒரு பழைய எடுத்துக்காட்டைத் தவிர்க்க முடியாது. இரண்டு பேர் சேர்ந்து கனமான சுமை ஒன்றைத் தூக்கி லாரியில் ஏற்றுகிறார்கள். ஏறிய சுமை எவ்வளவு என்று அளந்துவிடலாம். அதில் யாருடைய உழைப்பு எவ்வளவு என்று அளக்க இயலாது. ஒருவர் முழு வலுவையும் செலுத்தியிருக்கலாம்; மற்றவர் கைவைத்ததுபோல் பாவனை மட்டும் செய்திருக்கலாம். அப்படியானால் கூலியை எந்த அடிப்படையில் பிரிப்பது? அர்மென் ஆல்ச்சியன், ஹரால்ட் டெம்செட்ஸ் என்னும் அமெரிக்கப் பொருளியலாளர்கள் இருவர் 1972-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையில் வரும் எடுத்துக்காட்டு இது.

இதைவிடப் பொருத்தமான எடுத்துக்காட்டு ஒன்று உண்டு என்று வகுப்பறையில் எனக்குப் பலமுறை தோன்றியிருக்கிறது. அவர் திரைப்படத்தின் படத்தொகுப்பாளர். நடிகரின் பங்கு முகத்தில் தெரிகிறது. ஒளிப்பதிவாளரின் பங்கு ஒளியில் தெரிகிறது. இசையமைப்பாளரின் பங்கு காதில் விழுகிறது. படத்தொகுப்பாளரின் பங்கோ நீக்கப்பட்டவற்றில் இருக்கிறது. எட்டு முறை எடுக்கப்பட்ட ஒரு ஷாட்டில் ஐந்தாவதைத் தேர்ந்து, அதன் தலையிலும் வாலிலும் சில பிரேம்களைக் கத்தரித்து வைத்தார் என்றால், எஞ்சிய ஏழையும் பார்த்தவருக்குத்தான் அந்தத் தேர்வின் அருமை விளங்கும். அவற்றைப் பார்த்தவர்கள் உலகத்தில் விரல்விட்டு எண்ணத்தக்கவர்கள். நல்ல தொகுப்பு என்று நாம் பாராட்டுவது பெரும்பாலும் நல்ல படத்தைத்தான்.

கலைப்படங்களுக்கே இந்த நிலை என்றால், திகில், அறிவியல் புனைவு, அடிதடி என்று வகைபிரித்துச் சந்தைக்கு அனுப்பப்படும் படங்களைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். அவற்றின் இயக்குநர்களையே விமர்சகர்கள் நெடுங்காலம் கலைஞர்களாகக் கருதவில்லை. அத்தகைய படங்களிலேயே ஏறத்தாழ 40 ஆண்டுகள் உழைத்த ஹாலிவுட் படத்தொகுப்பாளர் மார்க் கோல்ட்பிளாட். பெயர் தெரியாதவர்களும் அவரது வேலையை அறிவார்கள். ‘டெர்மினேட்டர்’, ‘ராம்போ’வின் இரண்டாம் பாகம், ‘கமாண்டோ’, ‘ட்ரூ லைஸ்’, ‘ஆர்மகெடான்’ ஆகிய படங்களின் தொகுப்பில் அவர் பெயர் உண்டு. அவருடைய தொழில்வாழ்வைப் பொருளியல் கண்கொண்டு பார்த்தால், மேற்சொன்ன சுமைதூக்கிக் கணக்குக்குச் சந்தை எப்படித் தோராயமான ஒரு விடையைக் கண்டுகொள்கிறது என்பது புலப்படும்.

அவர் தொழில் கற்ற இடம் ரோஜர் கார்மன் 1970-இல் தொடங்கிய நியூ வேர்ல்ட் பிக்சர்ஸ். திறந்தவெளித் திரையரங்குகளுக்காகக் குறைந்த செலவில், குறைந்த நாள்களில் படங்களைத் தயாரித்துத் தள்ளிய நிறுவனம் அது. அங்கே முன்னோட்டத் துண்டுகளைத் தொகுக்கும் வேலையில் இருந்த ஜோ டான்ட்டே, ஆலன் ஆர்க்குஷ் ஆகிய இளைஞர்கள் 1976-இல் ‘ஹாலிவுட் புல்வார்ட்’ என்ற படத்தை எடுத்தார்கள். படப்பிடிப்பு பத்து நாள். வெடிப்புகள், கார் மோதல்கள் போன்ற செலவுபிடிக்கும் காட்சிகள் எல்லாம் கார்மனின் பழைய படங்களிலிருந்து வெட்டி ஒட்டப்பட்டவை. புதிதாக எடுத்த நடிகரின் முகத்துக்கு அடுத்து எப்போதோ எடுத்த வெடிப்பை வைத்தால், பார்ப்பவர் இரண்டையும் தாமே இணைத்துக்கொள்வார் என்ற நம்பிக்கையில் உருவான படம் அது. கோல்ட்பிளாட் அதில் தயாரிப்பு உதவியாளராக வேலை பார்த்தார். படத்தொகுப்பின் ஆற்றலுக்கு இதைவிடத் தெளிவான பாடத்தை எந்தக் கல்லூரியும் நடத்தியிருக்க முடியாது.

கார்மன் குறைவாகவே கூலி கொடுத்தார் என்பது ஊரறிந்த செய்தி. அதைச் சுரண்டல் என்று சொல்லிவிடுவது எளிது. அதில் உண்மையும் உண்டு. ஆயினும் கேரி பெக்கர் 1964-இல் மனித மூலதனம் குறித்து எழுதியதை இங்கே நினைவுகூர வேண்டும். எந்த நிறுவனத்துக்கும் பயன்படக்கூடிய பொதுத்திறனை ஒரு முதலாளி கற்றுக்கொடுத்தால், அந்தத் திறனோடு தொழிலாளி வேறிடம் போய்விடுவார். எனவே அந்தப் பயிற்சியின் செலவை முதலாளி ஏற்கமாட்டார்; குறைந்த கூலி என்ற வடிவத்தில் தொழிலாளியே அதைச் சுமப்பார். நியூ வேர்ல்டின் கூலிக்குறைவில் ஒரு பகுதி பயிற்சிக் கட்டணம். பிராட்வே நாடக அரங்குக்கோ பெரிய ஸ்டுடியோவுக்கோ பரிந்துரைக் கடிதம் இல்லாத இளைஞர்கள் அந்தக் கட்டணத்தைச் செலுத்தி உள்ளே வந்தார்கள். மாதிரிப் பொருள்கள் செய்யும் வேலைக்கு அங்கே சேர்ந்தவர் ஜேம்ஸ் கேமரூன். கார்மனின் உதவியாளராகச் சேர்ந்தவர் கேல் ஆன் ஹர்ட். பின்னர் ‘டெர்மினேட்டர்’ படத்தை ஒருவர் இயக்க, மற்றவர் தயாரித்தார். அதைத் தொகுக்க அவர்கள் அழைத்தவர் அதே பட்டறையிலிருந்து வந்த கோல்ட்பிளாட்.

அதற்கு முன் அவர் கடந்துவந்த படங்களையும் பார்க்க வேண்டும். 1978-இல் வெளிவந்த ‘பிரான்யா’வை அவர் இயக்குநர் ஜோ டான்ட்டேயுடன் சேர்ந்து தொகுத்தார். ஆற்றில் குளிப்பவர்களைக் கொடிய மீன்கள் கூட்டமாகத் தாக்கும் கதை; கையிலிருந்ததோ ரப்பர் மீன்கள். ஒரு ரப்பர் மீனைத் திரையில் இரண்டு வினாடி நிறுத்தினால் அரங்கம் சிரித்துவிடும். அரை வினாடிக்கும் குறைவாகக் காட்டி, அடுத்து அலறும் முகம், அடுத்து கலங்கும் நீர், மீண்டும் மீனின் ஒரு மின்வெட்டு என்று போனால் அதே அரங்கம் இருக்கையில் கால்களை மேலே தூக்கி வைத்துக்கொள்ளும். ஒரு வினாடிக்கு 24 பிரேம். பத்துப் பிரேமில் அச்சம், ஐம்பதில் நகைப்பு. அந்த எல்லைக்கோட்டை எங்கே போடுவது என்பதுதான் வேலை. பொருளியலின் மையப்பொருளே பற்றாக்குறையைக் கையாளுதல் என்று நாங்கள் முதல் வகுப்பிலேயே சொல்வோம். பற்றாக்குறையை உத்தியாக மாற்றும் தொழிலை இந்த மனிதர் ரப்பர் மீன்களிடம் கற்றுக்கொண்டார். தொடர்ந்து ‘தி ஹவ்லிங்’, ‘ஹாலோவீன்’ படத்தின் இரண்டாம் பாகம் என்று 1981-இலேயே திகில் படங்கள் வரிசையாக அமைந்தன.

‘டெர்மினேட்டர்’ 1984 அக்டோபரில் வெளிவந்தது. செலவு ஏறத்தாழ 64 லட்சம் டாலர். ஹாலிவுட் அளவுகோலில் சிறிய தொகை. தொகுப்பாளர் கோல்ட்பிளாட் ஒருவரே. அதில் இரவு விடுதிக் காட்சி ஒன்று உண்டு. நாயகி சாரா தனியே ஒரு மேசையில் அமர்ந்திருக்கிறாள். அவளைக் கொல்ல வந்த இயந்திர மனிதன் கூட்டத்தினூடே ஒவ்வொரு முகமாகத் தேடி வருகிறான். அவளைக் காக்க வந்த ரீஸ் மது வழங்குமிடத்தில் நிற்கிறான். அவனைத்தான் கொலைகாரன் என்று சாரா நினைத்துக்கொண்டிருக்கிறாள். மேசையிலிருந்து விழுந்ததை எடுக்க அவள் குனியும் நொடியில் இயந்திரத்தின் பார்வை அவ்விடத்தைக் கடந்து போகிறது. நிமிர்ந்தவளின் கண்ணில் ரீஸ் படுகிறான். பிறகு காலம் மெல்ல ஓடத் தொடங்குகிறது. நடனமாடுகிறவர்களை விலக்கிக்கொண்டு வருகிறது இயந்திரம். அவள் நெற்றியில் துப்பாக்கியின் சிவப்பு ஒளிப்புள்ளி விழுகிறது. ரீஸ் அங்கியிலிருந்து துப்பாக்கியை உருவுகிறான்.

இக்காட்சியில் பெருஞ்செலவு எதுவும் இல்லை. மூன்று பேர், மூன்று பார்வைக் கோடுகள், யார் யாரைப் பார்க்கிறார்கள், யார் யாரைப் பார்க்கத் தவறுகிறார்கள் என்ற கணக்கு மட்டும்தான். அவள் குனிவதை நாம் பார்க்கும் முன்பே இயந்திரத்தின் தலை திரும்பத் தொடங்கியிருந்தால் பதற்றம் இல்லை. மிகத் தாமதித்தால் அது தற்செயல் அல்ல, கதாசிரியரின் சலுகை என்று தோன்றிவிடும். இந்த அமைப்பில் கேமரூனின் திட்டம் எவ்வளவு, கோல்ட்பிளாட்டின் கத்தரி எவ்வளவு என்று எனக்குச் சொல்லத் தெரியாது. அவர்கள் இருவராலுமே துல்லியமாகச் சொல்ல முடியுமா என்பது ஐயமே. படமோ உலக அளவில் 7 கோடி டாலருக்கு மேல் ஈட்டியது. அடுத்த ஆண்டே ‘ராம்போ’வும் ‘கமாண்டோ’வும் அவரைத் தேடி வந்தன, இரண்டிலும் பிற தொகுப்பாளர்களோடு சேர்ந்து பணியாற்றினார்.

இடையில் அவர் இயக்குநர் நாற்காலியிலும் அமர்ந்து பார்த்தார். 1988-இல் ‘டெட் ஹீட்’, 1989-இல் ‘தி பனிஷர்’. இரண்டும் பெரிதாக எடுபடவில்லை. இரண்டாவது படம் அமெரிக்காவில் திரையரங்குகளுக்கே வராமல் வீடியோ கடைகளுக்குப் போனது. அவர் மறுபடியும் தொகுப்பறைக்குத் திரும்பினார். ரிக்கார்டோவின் ஒப்பீட்டு நலன் கோட்பாட்டுக்கு நாடுகளைத்தான் உதாரணம் காட்ட வேண்டும் என்பதில்லை.

‘டெர்மினேட்டர்’ படத்தின் இரண்டாம் பாகம் 1991 ஜூலைத் தொடக்கத்தில் வெளியானது. செலவு ஏறத்தாழ 10 கோடி டாலர். முதல் படத்தைப்போல் பதினைந்து மடங்கு. அதுவரை அவ்வளவு செலவில் எடுக்கப்பட்ட படம் இல்லை. தொகுப்பாளர்கள் இப்போது மூவர்: கோன்ராட் பஃப், மார்க் கோல்ட்பிளாட், ரிச்சர்ட் ஹாரிஸ். உழைப்புப் பிரிவினை சந்தையின் பரப்பைப் பொறுத்தது என்று ஆடம் ஸ்மித் எழுதியதன் கச்சிதமான வடிவம் இது. ஆனால் இங்கே வேறொரு காரணமும் வேலை செய்கிறது. படப்பிடிப்பு மார்ச் இறுதியில் முடிந்தது. கோடை விடுமுறையின் பெரிய வார இறுதி ஒன்றுக்குள் படம் அரங்குகளில் இருந்தாக வேண்டும். இடையில் இருந்தது மூன்று மாதம். பத்துக் கோடி டாலர் முதலீடு ஒரு மாதம் தாமதமானால் வட்டி மட்டுமல்ல, கோடைக்காலக் கூட்டமும் போய்விடும். அந்த இழப்போடு ஒப்பிட்டால் இன்னும் இரண்டு தொகுப்பாளர்களின் ஊதியம் தூசு. மூலதனம் பெருகப் பெருக, காலத்தின் விலை ஏறுகிறது. காலத்தின் விலை ஏற ஏற, தனியொருவர் தொகுத்த காலம் மறைகிறது. பத்தாண்டு கழித்து வந்த ‘பெர்ல் ஹார்பர்’ படத்தில் தொகுப்பாளர்கள் நால்வர். அவர்களில் ஒருவர் கோல்ட்பிளாட்.

அப்படத்தின் உருக்குத் திரவ மனிதனை நினைவிருக்கும். அவனைக் கணினியால் உருவாக்கிய காட்சிகள் 137 நிமிடப் படத்தில் மொத்தமே சில நிமிடங்கள்தாம். அன்றைய தொழில்நுட்பத்தில் அதற்கு மேல் கட்டுப்படியாகாது. ஐந்து வினாடி ஷாட் என்றால் 120 பிரேம், ஒவ்வொன்றுக்கும் காசு. ஷாட்டின் நீளத்தைத் தீர்மானிப்பவர் இங்கே வெறும் கலைஞர் அல்லர், செலவுக் கணக்கரும்கூட. ஆனாலும் அந்த மனிதன் படம் முழுக்க உருகி ஓடிக்கொண்டே இருந்ததாகத்தான் நமக்கு நினைவு. ஒருமுறை காட்டிவிட்டு, அடுத்த முறை காட்டப்போவதாக நம்பவைத்துத் திரும்பிக்கொள்வது ரப்பர் மீன் காலத்துப் பாடம். பத்துக் கோடி டாலர் படத்திலும் அது செல்லுபடியாயிற்று.

அந்த ஆண்டு ஆஸ்கர் விருதுகளில் ஒலிப்பதிவு, ஒலித்தொகுப்பு, ஒப்பனை, காட்சி விளைவுகள் ஆகிய நான்கையும் அப்படம் பெற்றது. படத்தொகுப்புக்கும் மூவரும் பரிந்துரைக்கப்பட்டார்கள். விருது ‘ஜேஎஃப்கே’ படத்துக்குப் போனது. அதில் குறைசொல்ல எதுவுமில்லை. அதுவும் அபாரமான தொகுப்பு. நான் சுட்ட விரும்புவது வேறு. 1981 முதல் 2013 வரை வெளியான படங்களில் சிறந்த படத்துக்கான விருதைப் பெற்ற ஒவ்வொன்றும் சிறந்த தொகுப்புக்கும் பரிந்துரை பெற்றிருந்தது, ஒன்றுகூட விலக்கில்லை. 2014-இன் ‘பேர்ட்மேன்’தான் அந்த வரிசையை முறித்தது. நல்ல தொகுப்பு இல்லாமல் நல்ல படம் இல்லை என்று இதற்கு விளக்கம் சொல்வார்கள். எனக்கு அது அரைகுறை விளக்கமாகவே படுகிறது. தனித்து அளக்க முடியாத ஒன்றை அளக்கச் சொன்னால், மதிப்பீட்டாளர் அளக்கக்கூடிய வேறொன்றைப் பதிலியாகக் கொள்வார் என்பது புள்ளியியல் அறிந்தவர்களுக்குப் பழக்கமான கதை. இங்கே பதிலி, படத்தின் கௌரவம். கௌரவம் குறைந்த வகைமைப் படங்களுக்கு இந்தப் பதிலி சாதகமாக அமைவதில்லை. ‘ஜாஸ்’, ‘ஸ்டார் வார்ஸ்’, ‘தி மேட்ரிக்ஸ்’ போல விருதை வென்றவை உண்டு என்பதையும் மறைப்பதற்கில்லை. ஆனால் அவை தம் காலத்தின் பெரும் நிகழ்வுகளாகி, அந்த ஒதுக்கலைத் தாண்டிவிட்டவை.

1997-ஆம் ஆண்டு இதை இன்னும் கூர்மையாக்கியது. முன்பு கோல்ட்பிளாட்டுடன் ஒரே அறையில் இருந்த பஃப், ஹாரிஸ் இருவரும் அவ்வாண்டு கேமரூனோடு சேர்ந்து ‘டைட்டானிக்’ படத்தைத் தொகுத்தார்கள். மூவரும் ஆஸ்கர் பெற்றார்கள். கோல்ட்பிளாட் அதே ஆண்டில் பால் வெர்ஹோவனுக்காக ‘ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்’ தொகுத்துக்கொண்டிருந்தார். ராட்சதப் பூச்சிகளோடு மனிதர்கள் நடத்தும் போர் அது. படமாக்கியபோது பூச்சிகள் இல்லை. வெற்றுப் பாலைநிலத்தைப் பார்த்து நடிகர்கள் சுட்டார்கள், அலறினார்கள். தொகுப்பாளர் முன்னால் இருந்ததும் வெற்றுநிலம்தான். இன்னும் உருவாகாத பூச்சி எத்தனை வினாடியில் சட்டகத்தைக் கடக்கும், எப்போது பாயும் என்று ஊகித்து வெட்ட வேண்டும். அந்த வெட்டின் நீளத்துக்கு ஏற்பத்தான் பிறகு பூச்சியை உருவாக்குவார்கள். இருக்கும் கப்பலைத் தொகுப்பதைவிட இல்லாத பூச்சியைத் தொகுப்பது எளிது என்று நான் நினைக்கவில்லை. கப்பலும் பாதி கணினியில் மிதந்ததுதானே என்று யாரேனும் சொன்னால் ஒப்புக்கொள்கிறேன்.

தோல்விகளையும் பேசாமல் விட்டால் கணக்கு நேர்மையாகாது. விமர்சகர்கள் எள்ளி நகையாடிய ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ்’ (1993), ‘ஷோகேர்ள்ஸ்’ (1995) ஆகியவற்றின் தொகுப்பிலும் அவர் பெயர் இருக்கிறது. வெற்றியில் பங்கு உண்டென்றால் தோல்வியில் இல்லையா? அதையும் அளக்க முடியாது என்பதே விடை. கையில் கொடுக்கப்பட்டது எவ்வளவு மோசமாக இருந்தது, அதை அவர் எவ்வளவு தூரம் தூக்கி நிறுத்தினார் என்பது வெளியே நிற்கும் நமக்குத் தெரியாது. உள்ளே இருந்தவர்களுக்குத் தெரியும். ‘ஷோகேர்ள்ஸ்’ எடுத்த வெர்ஹோவன் அடுத்த படத்துக்கும், அதற்கடுத்த ‘ஹாலோ மேன்’ படத்துக்கும் அவரையே அழைத்தார். கேமரூன் மூன்று படங்களில் அழைத்தார். மைக்கேல் பே ‘ஆர்மகெடான்’, ‘பெர்ல் ஹார்பர்’, ‘பேட் பாய்ஸ்’ படத்தின் இரண்டாம் பாகம் என மூன்றில் அழைத்தார்.

சுமைதூக்கிக் கணக்குக்குச் சந்தை தரும் தோராயமான விடை என்று தொடக்கத்தில் குறிப்பிட்டது இதைத்தான். ஆல்ச்சியனும் டெம்செட்ஸும் கண்காணிப்பாளர் ஒருவரை அருகில் நிறுத்தினார்கள். தொகுப்பறையில் அந்தக் கண்காணிப்பாளர் இயக்குநர். நீக்கப்பட்ட ஷாட்டுகள் அனைத்தையும் அறிந்தவர் அவர் ஒருவர்தான். அவருடைய மதிப்பீடு எந்த இதழிலும் அச்சேறுவதில்லை. அடுத்த படத்துக்கான தொலைபேசி அழைப்பாக வருகிறது. வசூலும் விருதும் விமர்சனமும் மறைத்துவிடும் தகவல் அந்த மறு அழைப்பில் இருக்கிறது. சக தொகுப்பாளர்களும் தம் மதிப்பீட்டைச் சொன்னார்கள்: ஆஸ்கர் வழங்கும் அகாதெமியின் ஆளுநர் குழுவில் படத்தொகுப்பாளர் பிரிவின் சார்பில் அவர் இடம்பெற்றார்.

எனக்குக் கவலை தருவது இந்தத் தகவல் முறையின் அடித்தளம் சுருங்கிவருவது. கோல்ட்பிளாட் தொழில் கற்ற காலத்தில் படச்சுருளைக் கையால் வெட்டி, நாடாவால் ஒட்டினார்கள். வெட்டிய துண்டுகளைக் கொக்கிகளில் தொங்கவிட்டு, கேட்டவுடன் எடுத்துத்தர உதவியாளர் ஒருவர் பக்கத்திலேயே நிற்க வேண்டும். நாள் முழுவதும் நின்றவருக்கு, எது ஏன் நீக்கப்பட்டது என்பது பாடமாகவே பதிந்தது. கணினித் தொகுப்பு தொண்ணூறுகளில் பரவியது. அம்முறையில் தொகுக்கப்பட்டு, படத்தொகுப்புக்கான ஆஸ்கரை வென்ற முதல் படம் 1996-இல் வெளிவந்த ‘தி இங்லிஷ் பேஷன்ட்’. உழைப்பு மிச்சமாயிற்று, அதை மறுப்பவன் நான் அல்லன். ஆனால் உதவியாளர் அந்த அறையில் நிற்க வேண்டிய அவசியமும் போய்விட்டது. அவர் இப்போது வேறோர் அறையில், பெரும்பாலும் இரவில், கோப்புகளை ஒழுங்குபடுத்துகிறார். திறந்தவெளி அரங்குகள் மூடப்பட்டு, அவற்றை நம்பியிருந்த மலிவுப் படங்களின் சந்தையும் ஒடுங்கியது. கார்மன் நியூ வேர்ல்டை 1983-இலேயே விற்றுவிட்டார். 2024-இல், 98-ஆம் வயதில் மறைந்தார். குறைந்த கூலியைக் கட்டணமாகச் செலுத்திக் கற்கும் பள்ளிக்கூடம் மூடப்பட்டால், குறைந்த கூலி மட்டும் தங்கிவிடும் ஆபத்து இருக்கிறது. இன்றைக்குக் கைப்பேசியிலேயே எவரும் தொகுக்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. தொகுக்கலாம், ரப்பர் மீன் இரண்டு வினாடி நின்றால் அதைப் பார்த்துச் சிரிக்கவும் திருத்தவும் பக்கத்தில் ஒருவர் வேண்டும்.

2011-இல் ‘ரைஸ் ஆஃப் த பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்’ வெளியானது. குரங்குகளாக நடித்தவர்கள் மனிதர்கள்; அவர்களின் அசைவைப் பதிவுசெய்து கணினியில் குரங்காக்கினார்கள். தொகுத்தவர்கள் கோன்ராட் பஃப், மார்க் கோல்ட்பிளாட். ஆஸ்கர் வென்றவரும் வெல்லாதவரும் ஒரே அட்டையில் அடுத்தடுத்து நிற்கிறார்கள். சீசர் என்னும் குரங்கு முதன்முறையாக வாய்திறந்து மறுப்புச் சொல்லும் காட்சி அதில் வருகிறது. அதைத் தொகுத்தது இருவரில் யார் என்று படத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது; நான் இரண்டு முறை முயன்றேன்.